எண்ணெய் போடாத கீல்

திரையில் அந்தக் கிழட்டுத் திருடன் பெட்டியின் மூடியைத் தூக்கினான். இருட்டறையில் மைக்கின் முன்னால் மண்டியிட்டிருந்த ஓசையக்கா அதே நொடியில் ஒரு பழைய அலமாரிக் கதவை இழுத்தாள். கதவு கிறீச்சிட்டது. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இருந்த என்ஜினீயர் காதிலிருந்த ஹெட்போனைக் கழற்றி மேஜைமேல் வைத்துவிட்டுக் கண்ணைத் தேய்த்துக்கொண்டார். அவர் கண்ணைத் தேய்த்தால் வேலை தேறவில்லை என்று அர்த்தம்.

"அக்கா, தப்பா எடுத்துக்காதீங்க. மலை ஏறி, ஆறு தாண்டி, போற இடமெல்லாம் உதை வாங்கி, கடைசியில தங்கப் பெட்டியத் திறக்கிறான் மனுஷன். கேட்டா மளிகைக் கடை ஷட்டர் மாதிரி இருக்கு."

"ஷட்டரா?"

"சின்ன ஷட்டர்."

ஓசையக்கா முழங்காலைப் பிடித்துக்கொண்டு எழுந்தாள். அவள் செய்கிற வேலை இன்னதென்று சொன்னால் பாதிப் பேருக்கு உடனே பிடிபடாது. படத்தில் ஒருத்தி மாடிப்படி ஏறுவாள். காலடிச் சத்தம் ஓசையக்காவின் காலிலிருந்து வரும். ஒருவன் கோப்பையை வைப்பான். டொக்கென்பது இவளுடைய மேஜையில் கேட்கும். வெளிநாட்டுப் படத்தை நம் பேச்சுக்கு மாற்றும்போது, பழைய படமென்றால், அவர்கள் பேச்சை வழித்தெடுக்கிற போதே காலடி, கதவு, குதிரை, மழை எல்லாம் அதோடு ஒட்டிக்கொண்டு போய்விடும். மிச்சம் இருப்பது வாய் மட்டும் அசைகிற ஊமைக் கூட்டம். அந்த ஊமைக் கூட்டத்துக்குக் காலும் கையும் கொடுத்து நடமாட வைப்பது இவள் வேலை. ஸ்டுடியோவில் வாட்ச்மேன் முதல் முதலாளி வரை அவளை ஓசையக்கா என்றுதான் கூப்பிடுவார்கள்.

இந்த முறை வந்திருந்தது குதிரைக்காரர்கள் படம். சிரிப்புப் படம்தான். ஒரு சின்ன ஊரின் தங்கத்தை அந்த ஊர் பேங்க் மேனேஜரே சுருட்டிக்கொண்டு ஓடிவிடுகிறான். வாழ்நாளில் ஒரு திருட்டையும் உருப்படியாகச் செய்திராத நான்கு கிழவர்களும், ரொட்டிக்கடைக்காரி ஒருத்தியும், சொன்ன பேச்சு கேட்காத ஒரு கோவேறு கழுதையும் அதை மீட்கப் புறப்படுகிறார்கள். ஓசையக்கா இத்தனை நாளாக அந்தக் கழுதைக்காக ஈர மணலில் கொட்டாங்கச்சி தட்டினாள். எதிரிகளின் கூடாரத்தைத் தாண்டும்போது கழுதையின் குளம்பில் கோணியைச் சுற்றி ஓட்டுகிறார்கள் என்பதால், கொட்டாங்கச்சிக்குக் கம்பளித் துணி சுற்றி மறுபடி தட்டினாள். எல்லாம் முடிந்து இரண்டே இடம் பாக்கி. கடைசிக் காட்சியில் கிழவன் பெட்டியை நோக்கி நடக்கிற நடை ஒன்று. மூடி திறக்கிற சத்தம் ஒன்று.

"நடையும் உக்காரலக்கா," என்றார் என்ஜினீயர், இன்னும் கண்ணைத் தேய்த்தபடி. "வாழ்க்கை பூரா ஏங்கின பொருள் எதிர்ல இருக்கு. இப்ப அவன் கால் போகவும் போகணும், போகாமலும் இருக்கணும். நீங்க நடந்தா நேரா போயிடுறீங்க."

"நான் நேரா போற ஆளு தம்பி."

"அதான் சொல்றேன்." அவர் குரலைத் தாழ்த்தினார். "திங்கக்கிழமை ராத்திரிக்குள்ள வரலைன்னா இந்த ரீலை எதிர் ஸ்டுடியோவுக்கு அனுப்பச் சொல்லிட்டார் முதலாளி. அங்க யார் இருக்காங்கன்னு உங்களுக்கே தெரியும்."

தெரியாமல் என்ன! அங்கே இருந்தது அவளுடைய கூடப் பிறந்த தம்பி.

அவர்கள் இருவருக்கும் நடுவில் இருந்த ஒரு பெட்டியின் கதையைச் சொல்லாவிட்டால் மேற்கொண்டு ஒன்றும் விளங்காது. அவர்கள் அப்பாவும் இதே வேலை பார்த்தவர். பச்சை பெயின்ட் அடித்த ஒரு தகர டிரங்குப் பெட்டியை விட்டுப் போனார். அதற்குள் இல்லாத சத்தம் இல்லை. சேணம் முறுகுவதற்கு ஒரு தோல் பை, விலங்குக்குச் சங்கிலி, பொற்காசுக்கு ஒரு காலுறை நிறையப் பித்தளை வாஷர், ஆம்பிளை நடைக்கு இடது குதி கழன்று ஆடுகிற ஒரு ஜோடி பூட்ஸ். இவை எல்லாவற்றுக்கும் மேலே அந்தப் பெட்டியின் கீல். அடித்தொண்டையில் முனகலாகத் தொடங்கி, மேலே போய் ஒரு கேள்விபோல் நிற்கும். எத்தனை பேய் வீடு, எத்தனை சிறைச்சாலை, எத்தனை ராணிமாரின் நகைப்பெட்டி அந்த ஒரே கீலில் திறந்திருக்கிறது என்று சொல்லி மாளாது. "இதுக்கு எவனாவது எண்ணெய் போட்டான், கைய முறிச்சிடுவேன்" என்பார் அப்பா. அவர் போன பிறகும் அக்காவும் தம்பியும் அதற்கு ஒரு சொட்டு எண்ணெய் காட்டவில்லை. பெண்கள் நடையெல்லாம் அவள், ஆண்கள் நடையெல்லாம் அவன் என்று ஒரே மைக்கின் முன்னால் அக்கம்பக்கமாக நின்று பிழைத்தார்கள்.

பிறகு ஒருநாள், ஒரு பட்டாளத்துப் படத்தில், வீடு திரும்புகிற சிப்பாயின் நடை அவனுக்கு வரவே இல்லை. திரும்பத் திரும்ப எடுத்தும் வரவில்லை. முதலாளியும் இன்னும் யார் யாரோவும் கண்ணாடிக்குப் பின்னால் நின்றுகொண்டிருந்தார்கள். ஓசையக்கா பொறுமையிழந்து, "பூட்ஸ் நடக்குதுடா, ஆள் எங்கடா?" என்றாள். கண்ணாடிக்குப் பின்னால் எல்லோரும் சிரித்தார்கள். அவளும் சிரித்தாள். அவன் குனிந்து பூட்ஸைக் கழற்றினான்.

மறுநாள் அவள் சாப்பிடப் போயிருந்த நேரம் பார்த்து, ரிப்பேருக்குக் கொண்டுபோகிறேன் என்று வாட்ச்மேனிடம் சொல்லிவிட்டுப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு போய்விட்டான். அதே வாரம் எதிர் ஸ்டுடியோவில் சேர்ந்தான். அன்றோடு பேச்சு நின்றது. கடைத்தெருவில் எதிரெதிரே வந்தால் இரண்டு பேருக்கும் திடீரென்று எதிர்ப்பக்கத்துக் கடையில் ஏதோ வாங்க வேண்டியிருக்கும்.

என்ஜினீயர் அப்படிச் சொன்ன அன்று சாயங்காலம் அவள் வீட்டுக்கு வந்து செருப்பைக் கழற்றும்போதே முடிவு செய்துவிட்டாள். பெட்டி தன்னுடையது. எடுத்தே தீருவது. எப்படி என்பதுதான் பாக்கி.

அதற்கும் வழி தானாகவே வந்தது. தம்பி மனைவி போன் செய்தாள்.

"அண்ணி, உங்க பொட்டிய வந்து எடுத்துட்டுப் போங்க. எனக்கு இதோட குடும்பம் நடத்த முடியல."

"ஏம்மா, என்ன பண்ணுது அது?"

"கட்டிலுக்கடியில வச்சிருக்கார். வேலைக்கும் எடுத்துட்டுப் போறதில்ல, நான் பாக்கத் திறக்கிறதும் இல்ல. படுக்கிறதுக்கு முன்னாடி குனிஞ்சு மேல கைய வச்சுப் பாத்துட்டு ஒரு பெருமூச்சு. என்னைப் பாத்து ஒருநாள் அப்படிப் பெருமூச்சு விட்டிருப்பாரா? சக்களத்தி மாதிரி இருக்கு அண்ணி."

ஓசையக்காவுக்குச் சிரிப்பு வந்தது, அடக்கிக்கொண்டாள். "நான் கேட்டா குடுப்பானா?"

"கேக்காதீங்க. கேட்டா குடுக்கமாட்டார். நீங்களும் கேக்கமாட்டீங்க, அவரும் குடுக்கமாட்டார், உங்க ரெண்டு பேர் வீம்பும் எனக்குத் தெரியாதா? பேசாம வந்து தூக்கிட்டுப் போயிடுங்க. ஞாயித்துக்கிழமை சாப்பிட்டுட்டுப் படுத்தார்னா ஒரு பொழுது ஆகும் எழுந்திருக்க." பிறகு ஏதோ நினைத்துக்கொண்டவள்போல், "இப்பல்லாம் ஆளே சரியில்ல அண்ணி. சாயங்காலமானா மொட்டைமாடியில தனியா நடக்கிறார். ஏன் நடக்கிறீங்கன்னா சுகர்ங்கிறார். அவருக்கு சுகரே இல்ல" என்றாள்.

சமையலறை மேஜையில் திட்டம் தயாரானது. ஓசையக்காவின் கணவர் லாரி ஓட்டி ஓய்ந்தவர். எஞ்சின் பக்கத்துக் காது சுத்தமாகக் கேட்காது, மற்றது அதன் இஷ்டத்துக்குக் கேட்கும். வாழ்நாள் முழுவதும் சத்தம் செய்து சம்பாதித்தவளுக்கு வாய்த்த புருஷன் இப்படி என்று அவள் குறைப்பட்டுக்கொண்டதில்லை. வீட்டிலாவது ஒரு பாத்திரத்தை நிம்மதியாகக் கீழே போடலாம்.

"அவன் வீடு மூணாவது மாடி. நானும் அவன் பொண்டாட்டியும் தூக்கிட்டு வந்துடுவோம். நீங்க வேன்லயே இருக்கணும். ஹாரன் அடிக்கக் கூடாது."

"நான் எதுக்கு ஹாரன் அடிக்கிறேன்?"

"நீங்க சும்மா உக்காந்தா அடிப்பீங்க."

அவர் டீயை ஆற்றினார். "உன் தம்பி முழிச்சுக்கிட்டுக் கத்துனா?"

"உங்களுக்குத்தான் கேக்காதே."

"அப்ப இந்தத் திட்டத்துலயே பத்திரமான ஆளு நான்தான்," என்று சொல்லிவிட்டு அவர் டீயைக் குடித்தார்.

ஞாயிற்றுக்கிழமை மதியம், ஓசையக்கா மூன்றாவது மாடியின் கதவுக்கு வெளியே செருப்பை விட்டுவிட்டு, பையிலிருந்து கம்பளித் துணியை எடுத்து இரண்டு பாதங்களிலும் சுற்றிக் கட்டினாள். கழுதைக்குச் சுற்றிய அதே துணி. வெறுங்கால் போதும் என்று மற்றவர்கள் நினைக்கலாம். ஆனால் வியர்த்த பாதம் பளிங்குத் தரையிலிருந்து பிரியும்போது முத்தம்போல் ஒரு சத்தம் வரும் என்பது அவளுக்குத் தெரியும். அந்த வீட்டில் தூங்குகிறவனுக்கும் தெரியும். ஒலிப்பதிவு மேடையில் வளர்ந்தவனின் வீட்டில் திருடப் போகிறோம் என்ற நினைப்பே அவளுக்கு ஒரு முறுக்கை ஏற்றியது.

தம்பி மனைவி கதவைத் திறந்து வைத்துக்கொண்டு நின்றாள். உள்ளே வாஷிங் மெஷின் பழைய பஸ் மாதிரி உதறிக்கொண்டிருந்தது. அதுதான் ஏற்பாடு. துணி பிழிகிற நேரத்தில் அந்த மெஷின் போடுகிற இரைச்சலில் யானையை நடத்திக்கொண்டு போனாலும் தெரியாது என்று அவள் சொல்லியிருந்தாள். மின்விசிறி வேறு கரகரவென்று சுற்றியது.

தம்பி சுவரைப் பார்த்து ஒருக்களித்துப் படுத்திருந்தான். பின்னந்தலையில் முடி குறைந்திருந்தது. ஓசையக்கா அதைப் பார்க்காத மாதிரி குனிந்தாள். கட்டிலுக்கடியில் பச்சைப் பெட்டி, தூசு இல்லாமல், துடைத்து வைத்த மாதிரி. இரண்டு பெண்களும் ஒரு போர்வையை அதன் அடியில் கொஞ்சம் கொஞ்சமாகச் செருகி, போர்வையோடு சேர்த்து வெளியே இழுத்தார்கள். பெட்டி வழுக்கிக்கொண்டு வந்தது. அறை வாசலைத் தாண்டியது. கூடத்துக்கு வந்தது. தம்பி மனைவி கட்டைவிரலை உயர்த்திக் காட்டினாள். அந்தச் சினிமாக் கிழவர்கள்கூட இவ்வளவு லாவகமாகச் செய்யவில்லை.

கரண்ட் போனது.

வாஷிங் மெஷின் ஒரு முறை தூக்கிப்போட்டு அடங்கியது. மின்விசிறி மூச்சை விட்டுவிட்டு நின்றது. பிரிட்ஜ் நின்றது. அக்கம்பக்கத்து வீடுகளின் டிவிகள் எல்லாம் வாயை மூடிக்கொண்டன. கிணற்றுக்குள் இறங்கினதுபோல் ஒரு அமைதி. உள்ளே தம்பியின் மூச்சு ஏறி இறங்குவது மட்டும் கேட்டது.

இரண்டு பேரும் ஒருத்தி முகத்தை ஒருத்தி பார்த்துக்கொண்டார்கள். நிற்பதா, போவதா? போவதென்று ஓசையக்கா தலையை ஆட்டினாள். இரண்டு பக்கமும் கைப்பிடியைப் பற்றி, மெல்ல, மெல்ல, தரையிலிருந்து தூக்கினார்கள்.

தூக்கியதுமே அவள் காது நிமிர்ந்தது. உள்ளே வாஷர் நகர்ந்தது, சரி. சங்கிலி சரிந்தது, சரி. தோல் பை முனகியது, அதுவும் சரி. ஆனால் இவையெல்லாம் நகர்ந்து முடிந்த பிறகு வரவேண்டிய ஒரு அழுத்தமான 'தொம்' வரவில்லை. பூட்ஸ் இல்லை. சின்ன வயதிலிருந்து தூக்கிய பெட்டி. அதன் வயிற்றுக்குள் என்ன இருக்கிறது, என்ன இல்லை என்று அவளுக்கு யாரும் சொல்ல வேண்டியதில்லை. பூட்ஸ் இல்லாத பெட்டியைக் கொண்டுபோய் அந்தக் கிழவனை எதை மாட்டி நடக்கவிடுவது? பெட்டியைக் கீழே வைத்தாள். கை தானாகவே கொக்கியை விடுவித்தது. மூடியைத் தூக்கினாள்.

கீல் வாயைத் திறந்தது.

அடித்தொண்டையில் தொடங்கி, நிதானமாக ஏறி, கூடத்தின் நான்கு சுவரையும் தொட்டு, மேலே போய் ஒரு கேள்வியாக நின்றது. இத்தனை சுத்தமான அமைதியில் அந்தச் சத்தத்தை அவளும் கேட்டதில்லை. ஐயோ, ஒரு மைக் இல்லையே என்றுதான் முதலில் தோன்றியது. மாட்டிக்கொண்டோம் என்பது அதற்குப் பிறகுதான் உறைத்தது.

உள்ளே மூச்சு நின்றது.

"யாரது?" என்றது தம்பியின் குரல்.

தம்பி மனைவி எச்சிலை விழுங்கினாள். "பூனைங்க."

பிறகு, சுவரைப் பார்த்தே பேசுகிற குரலில், "பூனை கீல் வச்சுக்கிட்டு வருதா?" என்றான்.

ஓசையக்கா முந்தானையைச் சுருட்டி வாயில் வைத்துக் கடித்தாள். சிரிப்பா, வேறெதுவோ, அவளுக்கே தெரியவில்லை. தூக்கிய மூடியைப் பிடித்தபடி அப்படியே நின்றாள். அவன் எழுந்து வரவில்லை. கட்டில்கூட அசையவில்லை.

"பூனைகிட்ட சொல்லு," என்றான். "மூடும்போது வலது பக்கம் கொஞ்சம் தூக்கிப் பிடிச்சு மூடணும். ஆணி ஆடுது. அது பாட்டுக்கு இழுத்துச் சாத்துச்சுன்னா கீல் போயிடும்."

அவள் வலது பக்கத்தைத் தூக்கிப் பிடித்தாள். மூடி ஒரு பெருமூச்சோடு இறங்கியது. இனி ஒளிந்து என்ன ஆகப்போகிறது? அதற்காக நேராகப் பேசிவிட முடியுமா? தம்பி மனைவியைப் பார்த்து, அறைக்குள் நன்றாகக் கேட்கிற மாதிரி, "பூட்ஸ் எங்கன்னு கேளு" என்றாள்.

"பூனை பூட்ஸ் எங்கன்னு கேக்குதுங்க."

கட்டில் ஒரு முறை கிறீச்சிட்டது. திரும்பிப் படுத்த சத்தமா, எழுந்து உட்கார்ந்த சத்தமா என்று தம்பி மனைவிக்கு விளங்கியிருக்காது. ஓசையக்காவுக்கு விளங்கியது. எழுந்து உட்கார்ந்திருந்தான். ஆனால் வெளியே வரவில்லை. அவளும் உள்ளே போகவில்லை. நேராகப் போகிற ஆள் என்று பெயரெடுத்தவள், திறந்து கிடந்த அறை வாசலுக்கு நேரே நின்று, உள்ளே ஓர் அடி வைக்க முடியாமல், பெட்டியின் கைப்பிடியைக் குனிந்து பற்றினாள்.

மாடிப்படியில் இறங்கும்போது யாரும் எதையும் அடக்கி வைக்கவில்லை. ஒவ்வொரு படிக்கும் வாஷர் குலுங்கியது, சங்கிலி இரைந்தது. பெட்டி ஊர்வலம் போகிற மாதிரி இறங்கியது. வேனின் பின்கதவைத் திறந்து பெட்டியை ஏற்றிவிட்டு, தம்பி மனைவி இடுப்பில் கை வைத்து மூச்சு வாங்கினாள்.

"திட்டுவானா உன்னை?"

"என்னையா? வீட்டுக்குள்ள பூனை வந்ததுக்கு நான் என்ன பண்ணுவேன்?" என்றாள் அவள். பிறகு மேலே ஒரு பார்வை பார்த்துவிட்டு, பக்கத்துக் கடையில் மெழுகுவர்த்தி வாங்கப் போனாள்.

ஓசையக்கா பின் சீட்டில் ஏறிப் பெட்டியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, காலில் சுற்றிய கம்பளியை அவிழ்த்தாள்.

"என்ன, முழிச்சுக்கிட்டானா?" என்று கேட்டார் கணவர்.

"முழிச்சுக்கிட்டான்."

"அப்புறம்?"

"உக்காந்துக்கிட்டான்."

"நல்ல திருட்டு," என்று சொல்லிவிட்டு அவர் சாவியைத் திருப்பினார். வண்டி இருமிவிட்டுக் கிளம்பியது.

பெட்டி கிடைத்துவிட்டது. நாளைக் காலையில் என்ஜினீயர் ஹெட்போனைக் கழற்றாமல் உட்கார்ந்திருப்பார். நடைக்கு என்ன, வேறு பூட்ஸ் வாங்கி, குதியைத் தளர்த்தி, திங்கட்கிழமை இருட்டும் வரை நடந்து பார்ப்பது. விடுகிற உத்தேசம் அவளுக்கு இல்லை. இப்படியெல்லாம் மனதுக்குள் சொல்லிக்கொண்டே பெட்டியின் மேல் கையை வைத்தாள். அவன் தினமும் கை வைக்கிற இடத்தில் பெயின்ட் மங்கலாகத் தேய்ந்திருந்தது.

அப்போதுதான் கேட்டது. எஞ்சின் இரைச்சலுக்கு அடியில், மாடிப்படியின் உச்சியிலிருந்து, ஒரு 'தொம்'. பிறகு இன்னொன்று, குதி கழன்ற இடது கால். ஊன்றியதும் அரைக் கணம் கழித்து ஒட்டிக்கொள்கிற அந்தச் சின்ன 'டக்'.

"வண்டிய நிறுத்துங்க."

அவருக்குக் கேட்கவில்லை. வேன் முன்னால் நகர்ந்தது. ஓசையக்கா சீட்டின் மேலாக எக்கி, கையை நீட்டிச் சாவியைத் தானே திருப்பிவிட்டாள். வேன் குலுங்கி நின்றது. அவர் திரும்பி ஏதோ கேட்க வாயெடுத்தார். அவள் உதட்டில் விரலை வைத்தாள். பதிவு நடக்கும்போது வைப்பதுபோல.

கண்ணை மூடிக்கொண்டாள். எத்தனையோ கால்களுக்குக் காலாக நின்றவள். கேட்பதென்றால் கண்ணை மூடித்தான் கேட்பாள். மூன்றாவது மாடி முடிந்தது. திருப்பத்தில் ஒரு நிறுத்தம். கைப்பிடிச் சுவரில் உள்ளங்கை உரசியது. மறுபடி இறங்கியது. வேகமாக இரண்டு படி, ஏன் அவசரப்பட்டோம் என்பதுபோல் தாமதமாக ஒன்று. வலது கால் வந்துவிடத் துடித்தது. இடது கால் ஒவ்வொரு படியிலும் யோசித்தது. மொட்டைமாடியில் எத்தனை சாயங்காலம் நடந்தால், அன்று வராத இந்த நடை கைகூடும் என்று எண்ணிப் பார்த்தாள்.

கடைசித் திருப்பத்துக்கு வந்து காலடி நின்றது. அங்கிருந்து இறங்கினால் வேன் கண்ணில் படும்.

ஓசையக்கா திரும்பிப் பார்க்கவில்லை. பெட்டியைத் தன் பக்கமாகக் கொஞ்சம் இழுத்தாள், ஓர் ஆள் உட்காருகிற இடம் வருகிற அளவுக்கு. உள்ளே வாஷர்கள் சரிந்து, பொற்காசுபோல் குலுங்கி, அடங்கின.